ஒருத்தரும் சிரிக்காத படம்

டி.வி. காமெடியை உதறிவிட்டுச் சோதனை முயற்சியாக ஆவணப்படம் எடுக்கக் கிளம்பிய கோகுல்ராஜுக்கு ஒரே பயம்தான். தன் மூஞ்சியைப் பார்த்தாலே ஜனங்கள் சிரித்துவிடுவார்களே!

“ஒருத்தர் சிரிச்சாலும் சரி, மறுபடி காமெடிக்கே போயிர்றேன்” என்று மனைவி தீபிகாவிடம் சவால் விட்டிருந்தான்.

எருமப்பட்டியில், அவன் படம்பிடித்த கோழிப்பண்ணையிலேயே முதல் காட்சி. தீவனக் குடோனில் திரை கட்டி ஊரையே உட்கார வைத்திருந்தாள் பண்ணைக்காரி அத்தாயி.

படம் முழுக்க ஒரே ஒரு கோழி. அது முட்டையிடக் காத்துக்கொண்டு, கூண்டுக்கு முன்னால் குத்தவைத்திருக்கும் கோகுல்ராஜ். பேச்சில்லை, பாட்டில்லை. முக்கால் மணி நேரமாகியும் கோழி முட்டையிடவே இல்லை.

குடோனில் ஒரு சிரிப்பு கேட்கவில்லை; ஓர் இருமல்கூட இல்லை. சிலர் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். சிலருக்குத் தோள் குலுங்கியது. கண்ணில் நீரே வந்துவிட்டது.

படம் முடிந்ததும் எல்லோரும் பூனை மாதிரி வெளியேறினார்கள்.

கோகுல்ராஜ் அத்தாயியிடம் ஓடினான். “பாத்தீங்களாக்கா, அழுதுட்டாங்க!”

“மெல்லப் பேசு சாமி” என்று கிசுகிசுத்தாள் அத்தாயி. “பக்கத்துக் கொட்டாயில கோழிங்க இருக்குதில்ல? சத்தத்துல மெரண்டா நாளைக்கு முட்டை பாதியாப் போயிரும். அதான், கேட்டைத் தாண்டுற வரைக்கும் ஒருத்தரும் வாயைத் தொறக்கக் கூடாதுன்னு சொல்லித்தான் உள்ளயே உட்டேன்.”

அவள் சொல்லி முடிப்பதற்குள், கேட்டுக்கு வெளியே முக்கால் மணி நேரச் சிரிப்பும் மொத்தமாக வெடித்தது.

பழக்க தோஷம், கோகுல்ராஜின் கைகள் தானாகவே கும்பிட்டன.