கொசுவின் நன்றியுரை

டாக்டர் மரகதவல்லி எழுதிய மூன்று புத்தகங்கள் அவர் மேசைமேல் இருந்தன. ஒன்று மருத்துவ வரலாறு, ஒன்று மருத்துவ அறம், ஒன்று பொதுச் சுகாதாரம். ஜன்னல் வழியாக வந்த கொசு, மூன்றாவதன் அட்டையைப் பார்த்ததும் குட்டிக்கரணம் அடித்தது.

"ஐயோ, என் படம்! அட்டையிலேயே போட்டிருக்காங்க!"

"உள்ளேயும் நீதான். நாற்பது பக்கம்," என்றது பொதுச் சுகாதாரம்.

"பெரிய பெரிய படைகளையே படுக்க வெச்ச வம்சமாச்சே உன்னுது!" என்றது வரலாறு.

கொசுவுக்குத் தலைகால் புரியவில்லை. "விழா எடுத்தே ஆகணும்! நன்றியுரை நான்தான்!"

அறத்துக்கு மனசு கேட்கவில்லை. "அடி அசடே, அது உன்னை ஒழிக்கிறதுக்கு எழுதின புத்தகம். ஓடிப் போயிடு!"

"பொறாமை! உன் அட்டையில ஒரு ஈ படம்கூட இல்லையே!"

கொசு நேரே, மேசையில் எழுதிக்கொண்டிருந்த டாக்டரின் காதருகே போய் நன்றியுரையைத் தொடங்கியது. டாக்டர் பேனாவை வைத்துவிட்டு நிமிர்ந்தார். இரண்டு கைகளையும் மெல்ல விரித்தார்.

"பார்த்தீங்களா! எழுதினவங்களே கைதட்டப் போறாங்க!" என்று கூவிக்கொண்டே, கொசு இரண்டு கைகளுக்கும் நடுவில் வந்து பணிவாக வணங்கியது.