கண் திறந்த பிள்ளையார்

"இந்தப் பிள்ளையார் முடியட்டும், உன்ர பாஸ்போர்ட்டைத் தாறன்," என்றார் கடைக்காரர் யோகராசா. முன்பு தாமரைத் தொட்டியும் சிங்கமும் செதுக்கியபோதும் அதையேதான் சொன்னார்.

பாரிஸின் லா சப்பல் தெருக் கடையின் பின்னறையில் சிற்பி முகிலன் மணற்கல் பிள்ளையாரை வெறித்துக்கொண்டிருந்தான். தோட்ட அலங்காரத்துக்கு விற்கும் சிலைக்குக் கண் திறப்பதில்லை. திறந்துவிட்டால் அது சாமி. சாமி முன்னால் யோகராசா பொய் சொல்லமாட்டார், அவ்வளவு பக்தி.

விளக்கேற்றி, முறைப்படி பிள்ளையாரின் கண்ணை உளியால் திறந்தான்.

உள்ளே வந்த யோகராசா பதறிப்போய்க் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"சாமி பார்க்குதுண்ணே. பாஸ்போர்ட்டைக் கொடுத்துடுங்க. நான் ஊருக்குப் போறேன்."

யோகராசா பிள்ளையாரை விழுந்து கும்பிட்டு எழுந்தார்.

"ஓம் தம்பி, இனிப் பொய் சொல்லேலாது. கண் திறந்த பிள்ளையாருக்கு ஒருநாளும் பூசை தவறக்கூடாது. முறை தெரிஞ்ச உன்னை எப்பிடி விடுறது?"