காலி மேட்டைச் சுடும் டாங்கி

கணினி முன் கடிகாரம் பழுதுபார்ப்பவர், பக்கத்து முக்காலியில் மச்சான், கட்டிலில் துணி மடித்தபடி மனைவி. இன்னும் ஒரு சண்டை வென்றால் டாங்கி விளையாட்டில் அவருக்குத் தளபதிப் பட்டம். ஆனால் கணினியே ஓட்டும் கூட்டாளி டாங்கி, எதிரியை விட்டுவிட்டு யாருமில்லாத மேட்டையே சுட்டது. தோற்றார்.

“இத கூட்டாளின்னு சொன்னா கழுதைக்கே கோவம் வரும் மாமா,” என்றான் மச்சான், அடுத்த ஆட்டத்தைத் தொடங்கியபடி.

மின்னஞ்சலை விளையாட்டு நிறுவனம் மதிப்பதில்லை என்று, அவர் ‘இந்தத் தகர டப்பாவை நீக்குங்கள்’ எனக் காகிதத்திலேயே எழுதினார்.

“ஏங்க, இப்ப எதிரி டாங்கிங்களும் அந்த மேட்டத்தான் சுடுதுங்க,” என்றாள் மனைவி.

“இனம் இனத்தோடதான் சேரும்,” என்றார் அவர், எழுதியபடியே.

இரு தரப்பு டாங்கிகளும் ஒன்றாக வரிசைகட்டி, அங்கே எதையோ கண்டு அஞ்சியவைபோல், மேட்டுக்கு நீட்டிய பீரங்கிக் குழலைத் திருப்பாமல், திரையின் இந்தப் பக்கமாக மெல்லப் பின்வாங்கிக்கொண்டிருந்தன. அவர் தலை நிமிராமல் உறையை ஒட்டி, மச்சானைத் தபால்பெட்டிக்கு விரட்டினார்.