சினியோராவின் கைமணம்

"பண்டியைக் கையாலை தொட எனக்கு வெள்ளிக்கிழமைதானா கிடைச்சது, சினியோரா?"

குகனேஸ்வரி முகத்தை ஒரு பக்கம் திருப்பிக்கொண்டு, பேக்கன் கீற்றுகளை இரண்டே விரலால் தூக்கிச் சட்டியில் போட்டாள். வெள்ளிக்கிழமை என்றால் மீன்கூட வாங்காத விரதக்காரி அவள். பன்றி பொரிக்கிறாள் என்று யாழ்ப்பாணத்தில் இருக்கும் மாமியாருக்குத் தெரிந்தால் வீடு இரண்டுபடும்.

"புறுபுறுக்காதை பிள்ளை. அவன் வாறதுக்குள்ளை முடிக்கவேணும்," என்றார் அவள் வேலை செய்யும் வீட்டு அமெரிக்கக் கிழவி டொரத்தி சினியோரா, ஊன்றுகோலை மேசையில் சாய்த்துவிட்டு. இருவரும் பேசுவது இத்தாலியன்தான்; 'சினியோரா' என்றால் அதில் 'அம்மா'. ஆனால் பழகிய பழக்கத்தில் குகனேஸ்வரியின் காதில் அது யாழ்ப்பாணத் தமிழாகவே விழும்.

அவன் என்றது மகன் ஸ்டீபனை. அமெரிக்காவிலிருந்து இத்தாலியின் பலெர்மோவுக்கு வந்து இறங்கியாகிவிட்டது. அம்மாவால் தனியே சமாளிக்க முடியாது என்று கண்டால், கையோடு கூட்டிப்போய் அங்கே ஒரு முதியோர் இல்லத்தில் சேர்ப்பதாக எண்ணம். 'எனக்கு வேண்டியதை நானே சமைச்சுச் சாப்பிடுறன்' என்று சினியோரா போனில் அளந்துவிட்டிருந்தார். 'அப்ப சின்னனிலை தந்த அந்தக் கிரிட்ஸைப் போறணை அடுப்பிலை வைச்சுச் செய்து தாங்கோ' என்று மகன் மடக்கிவிட்டான். கிரிட்ஸ் என்றால் வேறொன்றுமில்லை, வெள்ளைச் சோளக் குறுணல். அதையும் அவனே பார்சலில் அனுப்பியிருந்தான்.

"குறுணலுக்கு எவ்வளவு தண்ணி, சினியோரா?"

"ஊத்து... காணுமெண்ட அளவுக்கு."

"சீஸ் முதலோ, முட்டை முதலோ?"

சினியோரா முகட்டைப் பார்த்தார். "ரெண்டையும் போடு."

"முருகா! இதுவுமா மறந்துபோச்சு?"

"வயசு போட்டுதல்லோ."

குகனேஸ்வரி சினியோராவை ஏற இறங்கப் பார்த்தாள். மனுசிக்கு இவ்வளவு மறதியா! மகன் கண்டுபிடித்தால் நாளைக்கே பெட்டி கட்டிவிடுவான். பெர்மெசோ என்ற வதிவிட அனுமதி அட்டையைப் புதுப்பிக்கக் குவெஸ்தூரா பொலிஸ் அலுவலக வரிசையில் கால் கடுக்கத் தன்னோடு நின்ற மனுசி. தான் காய்ச்சலில் கிடந்தபோது தன் அல்பெர்கேரியா வீட்டு மாடிப்படியெல்லாம் ஏறி வந்து சூப் தந்த மனுசி. அந்தச் சூப் வாயில் வைக்க முடியாமல் இருந்தது என்பது வேறு கதை. சினியோரா இல்லாத பலெர்மோவில் ஒரு நாள்கூட அவளால் இருக்க முடியாது.

பலாறோ சந்தைக் கீரையை நறுக்கி முடிப்பதற்குள், சட்டியில் பேக்கன் கொழுப்பு காய்ந்து புகைந்தது. கொழுப்புக் காய்ந்ததைக் கண்டதும் அவள் கை தன்பாட்டில் கடுகுப் போத்தலைத் திறந்துவிட்டது. படபடவென்று வெடித்தபோதுதான் புத்தி வந்தது.

"ஐயோ, தாளிச்சுப்போட்டன்!"

"அதென்ன பிள்ளை வெடிக்குது?"

"கடுகு. இனிப் பொறுக்கேலாது. விரதமெண்டு ருசியும் பாக்கேலாது. எல்லாம் நாசம்!"

"கீரையைப் போட்டுக் கிண்டு. கேட்டால் இஞ்சத்தைப் பழக்கமெண்டு சொல்லுறன்."

தட்டு போறணையை விட்டு வெளியே வரவும் வாசல் மணி அடிக்கவும் சரியாக இருந்தது. "நீ கூட்டித் துடைக்க வந்தனி. அவ்வளவுதான், வாய் திறக்காதை!" என்றார் சினியோரா. குகனேஸ்வரி விளக்குமாற்றைப் பிடித்துக்கொண்டாள்.

ஸ்டீபன் ஒரு வாய் சாப்பிட்டான். பிறகு ஒரு கடுகை விரல் நுனியில் எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான்.

"அம்மா, இது நீங்கள் செய்ததோ?"

"பின்னை ஆர்?"

அவன் அந்தக் கடுகையும் வாயில் போட்டான். தட்டை வழித்துச் சாப்பிட்டான். சினியோரா வெற்றிக் களிப்போடு கண்ணயரப் போனதும், வெறும் தட்டோடு குசினிக்குள் வந்தான்.

"நீங்கள்தானே சமைச்சனீங்கள்?" அரைகுறை இத்தாலியனில் கேட்டான்.

குகனேஸ்வரிக்குக் கண்ணீர் பொலபொலவென்று கொட்டியது. "அவவைக் கொண்டுபோகாதேங்கோ. செய்முறையை மறந்துபோனா, வேறையொண்டுமில்லை. நான் காலமையும் வாறன், பின்னேரமும் வாறன். கண்ணுக்குள்ளை வைச்சுப் பாக்கிறன்."

ஸ்டீபன் சிரித்தான்.

"மறக்கிறதுக்கு முதல்லை தெரிஞ்சிருக்கவேணுமே! எங்கட வீட்டிலை சமைச்சது சமையல்காரி. மேசையிலை கொண்டந்து வைச்சு 'நான் செய்தது' எண்டு சொல்லுறது மட்டுந்தான் அம்மா. அவவுக்காகச் சமைச்சு, அவவுக்காகப் பொய்யும் சொல்ல இஞ்சையும் ஒராள் இருக்கிறாவோ எண்டு பாக்கத்தான் இந்தக் கிரிட்ஸைக் கேட்டனான். நான் தனியத்தான் திரும்பிப் போறன்."