ஈடு வைத்த நிலம்

“நீங்க உட்காருங்க சார். நீ அப்படி ஓரமா நில்லுப்பா.”

சமரச மையத்து ஊழியர் மிச்சமிருந்த ஒரே நாற்காலியை அனந்தநாராயணனுக்கு இழுத்துப் போட்டார். தங்கையன் சுவரோரம் ஒதுங்கினார். இருவருக்குமே அறுபதைத் தாண்டிய வயது. குடமுருட்டிக் கரையில் ஒரே ஊர். காலையில் ஒரே பஸ்ஸில்தான் கோர்ட்டுக்கு வந்திருந்தார்கள்.

அனந்தநாராயணன் எழுந்திருக்கப் பார்த்தார். “இருக்கட்டுங்கய்யா” என்று தங்கையன் கையமர்த்தினார்.

மேஜைக்கு அந்தப் பக்கம் சமரசம் பேசும் வக்கீல் பஞ்சநதம். வழக்கமாக வருகிறவர் லீவு என்பதால் அன்றைக்கு இவர் வந்திருந்தார். வட்டியில் எவ்வளவு விட்டுக்கொடுக்கலாம் என்று மேலிடத்தில் கேட்டு வர, வங்கியின் வக்கீல் கமருன்னிஸா போனோடு வெளியே போயிருந்தார்.

“ரெண்டு ஏக்கர் நஞ்சை. யாரோடது?” என்றார் பஞ்சநதம்.

“என்னோடதுதாங்க” என்றார் தங்கையன்.

“அடமானம் வைக்கிறப்போ தெரியலையா, கட்டலேன்னா ஏலத்துக்கு வரும்னு?”

“நிலம் போயிடக் கூடாதுங்க. மத்தபடி நீங்க சொல்றபடி கேட்டுக்கறோம்.”

“எல்லாரும் இங்க வந்து இதைத்தான் சொல்றீங்க. எலெக்‌ஷன் வரும், தள்ளுபடி வரும்னு உட்கார்ந்துட வேண்டியது.” பஞ்சநதம் அனந்தநாராயணன் பக்கம் திரும்பினார். குரல் தானாகவே தணிந்தது. “சார் என்ன உத்தியோகம் பார்த்தீங்க?”

“வாத்தியாரா இருந்தேன்.”

“பாவம். வயசான காலத்துல உங்களையும் கோர்ட்டுக்கு இழுத்துட்டு வந்துட்டாங்க பாருங்க.”

அனந்தநாராயணனுக்குக் காதெல்லாம் சுட்டது. குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டார்.

அந்த இரண்டு ஏக்கரும் ஒரு காலத்தில் அவர் வீட்டு நிலம். குத்தகைத் தகராறில் தங்கையனின் அப்பா கொடியோடு வரப்பில் நின்றதும், அனந்தநாராயணனின் அப்பா போலீஸைக் கூட்டி வந்ததும் ஊரறிந்த கதை. வருஷக்கணக்கில் வழக்கு இழுத்து, கடைசியில் குத்தகைக்காரருக்கே கிரயம் எழுதிக்கொடுத்துத் தீர்த்தார்கள். அதன்பிறகு இரண்டு வீட்டுக்கும் பேச்சு அற்றுப்போனது. இந்தக் கடனுக்காகத்தான் ஒருவர் வாசலை இன்னொருவர் மிதிக்க வேண்டி வந்தது.

கமருன்னிஸா கதவைத் தள்ளிக்கொண்டு வந்தார். “வட்டி மொத்தமும் விட்டுடறாங்க சார். அசலை மட்டும் ரெண்டு தவணையா, தை அறுவடைக்குள்ள கட்டினா பத்திரத்தைத் திருப்பிக் குடுத்துடுவாங்க. டைப் அடிக்கச் சொல்லிட்டு வந்துடறேன்.” வந்த வேகத்திலேயே போய்விட்டார்.

“இதுக்கு மேல என்ன வேணும் உனக்கு?” என்று தங்கையனைக் கேட்டார் பஞ்சநதம். “ஜட்ஜ் முன்னாடி பதிவாயிட்டா அதுதான் தீர்ப்பு. அப்பீல் கிடையாது. சம்மதமா?”

“சம்மதங்க.”

“வாயால சொன்னாப் போதாது. மானம்னு ஒண்ணு இருந்தா தவணை தவறாமக் கட்டணும்.”

தங்கையன் தலையை மட்டும் அசைத்தார். அனந்தநாராயணனுக்கு உடம்பு கூசியது. தங்கையன் தன்னைத் திரும்பிப் பார்த்துவிடக் கூடாதே என்றிருந்தது. தங்கையன் பார்க்கவில்லை. அது இன்னும் தாங்க முடியாததாக இருந்தது.

டைப் அடித்த தாள்கள் வந்தன.

“கடன் வாங்கினவர் முதல்ல போடணும்” என்று பஞ்சநதம் தங்கையனிடம் பேனாவை நீட்டினார்.

அனந்தநாராயணன் எழுந்து நின்றார்.

“இப்படிக் குடுங்கோ” என்று பேனாவை வாங்கிக்கொண்டார். “பையன் வியாபாரத்துக்குக் கடன் வாங்கினவன் நான், ஈடு வைக்க எனக்கு ஒரு குழி நிலம்கூட இல்லேன்னு போய் நின்னப்போ, தன்னோடதைக் குடுத்தவர் அவர்.”