இழுவை மெஷின்

அச்சகத்தில் எல்லாமே புது கம்ப்யூட்டர்தான். அப்பாவுடையது மட்டும் ஆமை.

எதிரே நின்ற துணிக்கடைக்காரர் நெளிந்துகொண்டிருந்தார். மத்தியானம் கடை திறப்பு. நோட்டீஸ் இன்னும் திரையை விட்டு இறங்கவில்லை. எந்தக் காலத்து மெஷின் இது என்று திட்டித் தீர்த்தார்.

பக்கத்து சீட்டில் டிசைன் பண்ணும் மகளுக்கு இருப்புக் கொள்ளவில்லை. பக்கவாதம் வந்து படுத்து எழுந்த அப்பா, இப்போதுதான் வேலைக்குத் திரும்பியிருக்கிறார். அவர் பழகிய லேஅவுட் சாப்ட்வேர் புதுசில் ஓடாது. அதனால், பழைய கம்ப்யூட்டர் மாதிரியே நடிக்கிற ஒரு புரோகிராமை முதலாளியே உட்கார்ந்து போட்டுக் கொடுத்திருந்தார். எழுத்தைத் தட்டினால் மணல் கடிகாரம் சுற்றும். சுற்றிக்கொண்டே இருக்கும்.

"கொஞ்சம் தள்ளுங்கப்பா."

செட்டிங்ஸைத் திறந்தாள். 'வேகம்' என்ற இடத்தில், கூட்டவும் குறைக்கவும் இழுக்கிற கோடு அடிமட்டத்தில் கிடந்தது. தானாக அங்கே போகாது. யாரோ வேண்டுமென்றே இறக்கியிருக்கிறார்கள்.

யாரோ என்ன யாரோ. வேலை ஓடவில்லை என்று சொல்லி அப்பாவை வீட்டுக்கு அனுப்பப் பார்க்கிறார் அந்த மனுஷன். நேரே முதலாளியிடம் போய்க் கேட்டாள்.

"வேகத்தைக் குறைச்சது நீங்கதானே?"

"ஆமா. அதுல கை வைக்காதம்மா."

"எங்கப்பாவ அனுப்பணும்னா மூஞ்சிக்கு நேரா சொல்லுங்க. எதுக்கு இந்தத் திருட்டு வேலை?"

முதலாளி பதறிப்போய், மெதுவாகப் பேசு என்று சைகை காட்டினார். அவள் நிற்கவில்லை. விடுவிடுவென்று வந்து கோட்டை உச்சிக்கு இழுத்தாள்.

மணல் கடிகாரம் காணாமல் போனது.

"இப்ப அடிங்கப்பா."

அப்பாவின் விரல் எழுத்தைத் தேடியது. பக்கத்து எழுத்தில் விழுந்தது. அழித்தார். மறுபடி தேடினார். திரை சும்மா காத்துக்கொண்டிருந்தது.

துணிக்கடைக்காரர் திட்டுவதை நிறுத்தினார். அப்போதுதான் அப்பாவின் கையைப் பார்த்தார்.

"ஏன் பெரியவரே, கை வராதா உங்களுக்கு? முடியாத ஆளை எதுக்கு உட்கார வெச்சிருக்காங்க?"

அப்பா கையை மடியில் இறக்கிக்கொண்டார்.

பின்னாலேயே வந்த முதலாளி அவளை ஒதுக்கிவிட்டுக் குனிந்தார். கோட்டைப் பிடித்து அடிமட்டத்துக்கே இறக்கினார்.

"அவர் கைக்கு என்ன சார்? என் மெஷின்தான் ஓட்டை. திட்டணும்னா என்னைத் திட்டுங்க."