அகப்பையும் கோப்பையும்

கஹவத்தைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில், பொங்கலன்று மண்டபத்தில் போட்ட படத்தில் ஆளே இல்லை. பேச்சில்லை, பாட்டில்லை. பொருள்களைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி எடுத்த படம். ஓர் அகப்பை தானாக எழுந்துவந்து, ஒரு பீங்கான் கோப்பையை அடுப்படி முழுக்க விரட்டி விரட்டி அடித்தது. விரிசல் விழுந்த கோப்பை தண்ணிக் குடத்துக்குப் பின்னால் ஒளிந்துகொண்டது. அவ்வளவுதான். சனம் கைதட்டிச் சிரித்தது.

கருப்பாயிக்கு மட்டும் உடம்பெல்லாம் எரிந்தது. சீடியைக் கொண்டுவந்து போட்டவள் அவள் மருமகள் துஷ்யந்தி. டவுனில் கம்ப்யூட்டர் படித்தவள்.

தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்து வாசலிலேயே மருமகளை மறித்துக்கொண்டாள்.

"நான் ஒன்னைய அடிக்கிறேன்னு தோட்டத்துக்கே படம் புடிச்சுக் காட்டுறியா? அகப்பை நான், கோப்பை நீயா? மானத்த வாங்கிட்டியேடி! கெளம்பு ஒங்கப்பன் வீட்டுக்கு!"

பக்கத்து அறைகளிலிருந்து காம்பராக்காரர்கள் எட்டிப் பார்த்தார்கள். துஷ்யந்தி நகரவில்லை.

"நான் எடுக்கலீங்க மாமி. ஒங்க மகன் கொழும்புல படிக்கிறப்ப செஞ்சது. அப்ப எங்களுக்குக் கல்யாணமே ஆகல."

"பொய் சொல்லாத! பெத்தவள அவன் அப்படிக் காட்டுவானா?" கருப்பாயி கையை ஓங்கினாள்.

"அகப்பை நீங்க இல்ல. அது ஒங்க மாமியாராம். அடி வாங்குற கோப்பைதான் நீங்களாம்."

ஓங்கிய கை இறங்கிவிட்டது. கருப்பாயி வாசல்படியில் உட்கார்ந்தாள்.

"அப்ப அவனுக்கு நாலு வயசு. தூங்குறான்னுதான் நெனச்சேன்."